'முன்ஜாமீன் கிடைத்துவிட்டது' என்றால் என்ன பொருள்? இந்திய அடிதடி வழக்குகள் பற்றி ஒரு விளக்கம்

சென்ற வருடம் ஒரு வெள்ளிக்கிழமை, இஷாத் தொழுகைக்குப் பிறகு தொலைபேசி அடித்தது. பேசியவர் என் சாச்சாவின் மகள். முப்பது வருடங்களுக்கு முன் தமிழ்நாட்டின் இராமநாதபுரம் மாவட்டத்துக் கடலோர ஊரொன்றுக்குத் திருமணம் முடித்துப் போனவர்.

"காக்கா, பிள்ளையப் பொலிஸ் தேடுதாம். முன்ஜாமீன் போடணும் எண்டு வக்கீல் சொல்றார். அதப் போட்டா கேஸ் இல்லாமப் போயிருமா?"

இல்லாமல் போகாது என்றேன். மறுமுனையில் சற்று நேரம் சத்தமில்லை. பிறகு அவர் கேட்ட கேள்விதான் என்னை அன்றிரவு தூங்க விடவில்லை. "அப்ப துபாய்க்கு ஏத்தி விட்டுரவா? டிக்கெட் கையில இருக்கு."

நான் கிழக்கு மாகாண நீதிமன்றங்களில் ஆஜராகும் சட்டத்தரணி. இந்தியாவில் வாதாட எனக்கு உரிமை இல்லை. ஆனால் அடுத்து வந்த மாதங்களில் அந்த வழக்கின் தாள்கள் ஒவ்வொன்றாக வட்ஸ்அப்பில் எனக்கு வந்துகொண்டே இருந்தன. அங்குள்ள வழக்கறிஞர் ஒருவர் பொறுமையாக விளக்கினார், நானும் தீர்ப்புகளைத் தேடி வாசித்தேன். கீழக்கரை, காயல்பட்டினம், அதிராம்பட்டினம், சென்னை என்று நம்மவர்களுக்குச் சொந்தமும் வியாபாரமும் உள்ள ஊர்கள் நிறைய. இப்படியொரு தொலைபேசி அழைப்பு உங்களுக்கும் வரலாம் என்பதற்காக, நான் அறிந்துகொண்டதை எழுதி வைக்கிறேன்.

முதலில் நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். இரண்டு வீடுகளுக்கும் நடுவே ஒரு வேலி. வேலிக்கு இந்தப் பக்கம் என் தங்கையின் குடும்பம், அந்தப் பக்கம் அவருடைய கணவரின் சகோதரி குடும்பம். தண்ணீர்க் குழாய் பதிக்க மண்ணைத் தோண்டியதில் வாய்த்தர்க்கம், அது கைகலப்பாகி, கடைசியில் தங்கையின் மூத்த மகன் அங்கே கிடந்த இரும்புக் குழாயை எடுத்து மாமாவை அடித்துவிட்டான். மாமாவுக்கு இடது முன்கை எலும்பு முறிந்தது, தலையில் ஆறு தையல். இளைய மகன் துபாயிலிருந்து லீவில் வந்திருந்தவன். அவன் செய்தது என்ன என்பதில்தான் இரண்டு கதைகள். "மாமாட கையப் புடிச்சி அப்பால இழுத்தன்" என்கிறான் அவன். "ஓடவிடாமல் கையைப் பிடித்துக்கொண்டான், அண்ணன் அடித்தான்" என்கிறது முறைப்பாடு. மூன்றாவதாக அவர்களுடைய பெரியப்பாவின் பெயரும் எழுதப்பட்டிருந்தது. அவர் சத்தம் போட்டார் என்பது மட்டும்தான் அவர் மீதான குற்றச்சாட்டு.

இங்கே நமது வாசகர்கள் தடுமாறும் ஓர் இடத்தைச் சொல்ல வேண்டும். நாம் 'பிணை' என்பதை அங்கே 'ஜாமீன்' என்பார்கள். நமது 'முன்பிணை' அங்கே 'முன்ஜாமீன்'. நமக்கு நாட்டின் அதியுயர்ந்த மன்று உயர் நீதிமன்றம், அதற்குக் கீழே மேல் நீதிமன்றம். அங்கே நாட்டின் தலைமை மன்று உச்ச நீதிமன்றம், மாநிலத்தின் தலைமை மன்றுதான் உயர் நீதிமன்றம். 'உயர் நீதிமன்றம் மனுவைத் தள்ளிவிட்டது' என்று தங்கை ஒருநாள் அழுதபோது, எல்லாக் கதவும் அடைபட்டுவிட்டதென்று நானே ஒரு கணம் நினைத்தேன். பிறகு பார்த்தால் அவர் சொன்னது மாவட்ட அமர்வு நீதிமன்றத்தை. உயர் நீதிமன்றத்துக்கு அவர்கள் இன்னும் போயிருக்கவேயில்லை.

இந்தியாவில் 2024 ஜூலை 1 முதல் பழைய தண்டனைச் சட்டம் போய், பாரதிய நியாய சன்ஹிதா என்ற புதிய சட்டம் நடைமுறையில் உள்ளது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா. பெயர்கள் வாயில் நுழையச் சில மாதம் எடுக்கும். அங்குள்ள வழக்கறிஞர்களே இன்னும் பழைய இலக்கங்களில்தான் பேசிக்கொள்கிறார்கள். முன்ஜாமீன் பழைய சட்டத்தில் 438ஆம் பிரிவு, புதியதில் 482. 'நானூற்று முப்பத்தெட்டு' என்று யாராவது சொன்னால் அதே விடயம்தான் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

அடிதடி என்பது சட்டத்தின் கண்ணில் ஒரே குற்றமல்ல. அடித்த பொருளும் விழுந்த காயமும் சேர்ந்துதான் பிரிவைத் தீர்மானிக்கின்றன. வெறும் கையால் அடித்து வலியோ சிறு காயமோ உண்டாக்கினால் 115(2): 1 வருடம் வரை சிறை அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். அது பிணை கொடுத்தே ஆகவேண்டிய குற்றம், அதற்கு முன்ஜாமீன் தேவையே இல்லை. ஆயுதத்தால் சாதாரண காயம் என்றால் 118(1): 3 வருடம் வரை. கொடுங்காயம், ஆனால் ஆயுதமில்லை என்றால் 117(2): 7 வருடம் வரை. விசித்திரம் என்னவென்றால், இதுவும் பிணை வழங்கியே ஆகவேண்டிய குற்றம்தான். ஆயுதமும் கொடுங்காயமும் ஒன்றுசேர்ந்தால் 118(2): குறைந்தது 1 வருடம், கூடியது ஆயுள் தண்டனை. அங்கே பிணை நீதிமன்றத்தின் விருப்புரிமை. கொல்லும் நோக்கம் இருந்தது என்று பொலிஸ் எழுதினால் 109, கொலை முயற்சி.

கொடுங்காயம் என்றால் என்ன என்பதைச் சட்டமே வரையறுத்திருக்கிறது. கண் பார்வை இழப்பு, செவிப்புலன் இழப்பு, உறுப்பு இழப்பு, முகத்தில் நிலையான வடு, எலும்பு அல்லது பல் முறிவு என்று பட்டியல் போகும். கடைசியில், உயிருக்கு ஆபத்தான காயமும், குறிப்பிட்ட நாட்கள் கடும் வேதனையில் கிடத்தும் அல்லது அன்றாட வேலையைச் செய்யவிடாத காயமும் வரும். பழைய சட்டத்தில் அந்த நாட்கள் 20, புதியதில் 15. நமது 1883ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டக்கோவையும் அதே இந்தியச் சட்டத்தின் வார்ப்பு என்பதால், 314, 315, 316, 317 என்று நமது நீதிமன்றங்களில் நாம் புழங்கும் பிரிவுகளைத் தெரிந்தவருக்கு இந்த அடுக்கு புதிதாக இராது.

எங்கள் வழக்கில் முதல்நாள் பதிவான முதல் தகவல் அறிக்கையில் இருந்தவை 115(2), 118(1) ஆகியவைதான். இரண்டு நாள் கழித்து எக்ஸ்ரே வந்தது. முன்கை எலும்பில் முறிவு. உடனே 118(2) என்று பிரிவு மாற்றப்பட்டது. ஒரு எக்ஸ்ரே தாள் 3 வருடக் குற்றத்தை ஆயுள் தண்டனைக்குரிய குற்றமாக்கிவிட்டது.

இந்த மாற்றம் தண்டனையோடு மட்டும் நிற்பதில்லை. 2014இல் அர்னேஷ் குமார் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் ஒரு முக்கியமான வரையறையைச் சொன்னது. 7 வருடம் வரை தண்டனையுள்ள குற்றங்களில், குற்றம் சாட்டப்பட்டவரை இயந்திரம்போலக் கைதுசெய்யக் கூடாது. கைது ஏன் அவசியம் என்று பொலிஸ் எழுத்தில் காரணம் காட்ட வேண்டும், அவசியமில்லையென்றால் விசாரணைக்கு வரும்படி அறிவித்தல் கொடுத்தால் போதும். அந்த அறிவித்தல் இப்போது புதிய நடைமுறைச் சட்டத்தின் 35(3)ஆம் பிரிவில் இருக்கிறது. ஆக, எலும்பு முறியாமல் இருந்திருந்தால் பையன்களுக்கு அறிவித்தலோடு காரியம் முடிந்திருக்க வாய்ப்பிருந்தது. 118(2) வந்ததும் அந்தக் கவசம் போய்விட்டது. முன்ஜாமீன் தேவைப்பட்டது அதனால்தான்.

முன்ஜாமீன் எப்படி வந்தது என்பதையும் சற்றுச் சொல்ல வேண்டும். பிரித்தானியர் காலத்து 1898ஆம் ஆண்டுச் சட்டத்தில் இப்படியொரு ஏற்பாடே இல்லை. எதிராளியை அவமானப்படுத்துவதற்கென்றே செல்வாக்குள்ளவர்கள் பொய் வழக்குப் போட்டுச் சில நாளாவது உள்ளே வைக்கிறார்கள் என்பதைக் கண்டுதான், இந்தியச் சட்ட ஆணைக்குழு 1969இல் தனது 41ஆவது அறிக்கையில் இதைச் சிபாரிசு செய்தது. 1973ஆம் ஆண்டுச் சட்டத்தில் அது சேர்ந்தது. மூன்றே வருடத்தில், நெருக்கடி நிலைக் காலத்தில், உத்தரப் பிரதேசம் தன் மாநிலத்தில் அந்தப் பிரிவையே நீக்கிவிட்டது. திரும்ப வந்தது 2019இல். இந்தியாவின் ஆகப் பெரிய மாநிலத்து மக்கள் நாற்பது வருடத்துக்கு மேல் இந்தப் பாதுகாப்பு இல்லாமலே இருந்திருக்கிறார்கள். உரிமை என்று நாம் நினைப்பது ஒரு திருத்தச் சட்டத்தோடு போய்விடக்கூடியது.

இதன் எல்லையை வகுத்தவை இரண்டு தீர்ப்புகள், இரண்டும் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியலமைப்பு ஆயம் வழங்கியவை. 1980இல் குர்பக்ஷ் சிங் சிப்பியா வழக்கு. அவர் பஞ்சாபின் அமைச்சராக இருந்தவர், ஊழல் குற்றச்சாட்டு. முன்ஜாமீனுக்குச் சட்டத்தில் இல்லாத கட்டுப்பாடுகளை நீதிமன்றங்கள் தாமாகச் சேர்க்கக் கூடாது என்றது பிரதம நீதியரசர் வை. வி. சந்திரசூட் தலைமையிலான ஆயம். முதல் தகவல் அறிக்கை பதிவாகும் முன்னரே விண்ணப்பிக்கலாம். ஆனால் கைதாவேன் என்ற அச்சத்துக்கு நியாயமான காரணம் வேண்டும், வெறும் பயம் போதாது. 'எந்தக் குற்றமானாலும் கைது செய்யாதே' என்ற மொத்தக் கட்டளையும் கிடையாது. இரண்டாவது 2020 ஜனவரியில் வந்த சுசிலா அகர்வால் தீர்ப்பு. முன்ஜாமீன் சில வாரங்களுக்குத்தானா, வழக்கு முடியும் வரையா என்று அதற்கு முன் ஆயங்கள் முரண்பட்டுக் கிடந்தன. பொதுவாக அதற்குக் காலவரையறை தேவையில்லை, விசாரணை முடியும் வரைகூட நீடிக்கலாம், தேவைப்பட்டால் மட்டும் நீதிமன்றம் வரையறுக்கலாம் என்று அந்தத் தீர்ப்பு முடிவுகட்டியது.

இனி என் தங்கையின் கேள்விக்கு வருகிறேன். முன்ஜாமீன் என்பது, கைது செய்தால் அந்த இடத்திலேயே பிணையில் விடு என்று முன்கூட்டியே கொடுக்கும் கட்டளை. அவ்வளவுதான். வழக்கு அப்படியே இருக்கும். பொலிஸ் விசாரிக்கும், குற்றப்பத்திரிகை போடும், சாட்சி வரும், தீர்ப்பு வரும். குற்றவாளி என்று காணப்பட்டால் சிறைக்குப் போக வேண்டியதுதான். 'முன்ஜாமீன் கிடைத்துவிட்டது' என்று ஊரில் இனிப்புக் கொடுப்பவர்களும், 'நீதி செத்துவிட்டது' என்று மறுபக்கம் அழுபவர்களும் ஒரே தவறைத்தான் செய்கிறார்கள்.

மனுப் போட்டாலே கைது நின்றுவிடும் என்பதும் தவறு. இடைக்காலக் கட்டளை ஏதும் இல்லாதபோது, மனு நிலுவையில் இருக்கும்போதே பொலிஸ் கைது செய்யலாம். கைதான பின் அந்த மனுவால் பயனில்லை, வழமையான பிணைக்குத்தான் போக வேண்டும்.

அடிதடி வழக்கில் நீதிபதி எதைப் பார்க்கிறார்? அங்குள்ள கட்டளைகளைத் தொடர்ச்சியாக வாசித்தபோது எனக்குப் புலப்பட்டது இது: காயப்பட்டவர் வைத்தியசாலையில் இருக்கிறாரா, வீடு திரும்பிவிட்டாரா என்பதுதான் பெரும்பாலும் முதல் கேள்வி. இது எங்கும் சட்டமாக எழுதப்படவில்லை. ஆனால் ஒருவர் தீவிர சிகிச்சையில் கிடக்கையில், அவர் இறந்துவிட்டால் வழக்கே கொலையாகிவிடும் என்பதால், நீதிபதிகள் தயங்குகிறார்கள். எங்கள் முதல் மனு அமர்வு நீதிமன்றத்தில் தள்ளுபடியானது மாமா கட்டிலில் இருந்த வாரத்தில். அவசரப்பட்டுப் போட்ட மனு அது என்று பின்னர் அந்த வழக்கறிஞரே ஒப்புக்கொண்டார்.

அடுத்தது, ஒவ்வொருவரின் பங்கு. 'மூவரும் சேர்ந்து தாக்கினர்' என்று மொத்தமாக எழுதியிருந்தாலும், நீதிமன்றம் அதைப் பிரித்துப் பார்க்கும். ஆயுதம் யார் கையில், கொடுங்காயம் யார் அடியால் என்று கேட்கும். இங்கேதான் வைத்தியசாலையின் விபத்துப் பதிவேடு கைகொடுக்கிறது. காயத்தோடு வருபவரிடம் வைத்தியர் எப்படி நடந்தது என்று கேட்டு எழுதும் முதல் குறிப்பு அது. பொலிஸும் உறவினரும் சூழ்வதற்கு முன் வாயில் வந்த வார்த்தை. எங்கள் மாமா அங்கே சொன்னது, 'தெரிந்த ஒருவர் இரும்புக் குழாயால் அடித்தார்'. ஒருவர். சில மணி நேரம் கழித்துப் பதிவான முதல் தகவல் அறிக்கையில் மூவர். இளையவனுக்கும் பெரியப்பாவுக்கும் உயர் நீதிமன்றத்தில் முன்ஜாமீன் கிடைத்ததில் இந்த ஒற்றைச் சொல்லுக்குப் பெரும் பங்குண்டு.

ஆனால் நான் நேர்மையாக ஒன்றைச் சொல்லவேண்டும். அந்த ஒற்றைச் சொல் இளையவனை நிரபராதி ஆக்கிவிடவில்லை. ஒருவர் பிடிக்க, மற்றவர் அடித்தால், பொது எண்ணம் என்ற அடிப்படையில் பிடித்தவரும் அடித்தவருக்குச் சமம். புதிய சட்டத்தில் அது 3(5), பழையதில் 34. வைத்தியரிடம் 'ஒருவர் அடித்தார்' என்று சொன்னவர், இன்னொருவர் பிடித்ததைச் சொல்லாமல் விட்டிருக்கலாம். கை முறிந்த வேதனையில் எல்லாவற்றையும் யார் சொல்வார்கள்? முன்ஜாமீன் கட்டத்தில் நீதிமன்றம் இந்தக் கேள்விக்குள் ஆழமாக இறங்குவதில்லை. காவலில் வைத்து விசாரிக்க வேண்டிய தேவை இருக்கிறதா என்பதோடு நின்றுகொள்கிறது.

அரசு வழக்கறிஞரின் வழமையான எதிர்ப்பு, 'ஆயுதத்தைக் கைப்பற்ற வேண்டும், காவல் தேவை' என்பது. இதற்கும் சிப்பியா தீர்ப்பிலேயே வழி இருக்கிறது. முன்ஜாமீனில் இருப்பவர் தரும் தகவலால் ஒரு பொருள் கைப்பற்றப்பட்டால், அதற்காக அவரைக் காவலில் இருந்தவராகவே கருதிக்கொள்ளலாம். எங்கள் வழக்கில் குழாய் முதல்நாளே முற்றத்திலிருந்து எடுக்கப்பட்டுவிட்டதால் அந்த வாதம் எழவில்லை. இருந்தும் மூத்தவனுக்கு முன்ஜாமீன் மறுக்கப்பட்டது. குழாய் அவன் கையில் இருந்ததை அவன் வீட்டாரே மறுக்கவில்லை. அவன் நீதிமன்றத்தில் சரணடைந்து, 26 நாள் சிறையில் இருந்து, பிறகு வழமையான பிணையில் வந்தான். என் அபிப்பிராயத்தில் அது நியாயமான முடிவு. தங்கையிடம் இதைச் சொல்ல எனக்கு இன்னும் வாய் வரவில்லை.

எதிர் முறைப்பாடு பற்றியும் ஒரு வார்த்தை. அடிதடி வழக்குகளில் இரண்டு தரப்பும் முறைப்பாடு கொடுப்பது வழமை, 'வழக்கும் எதிர் வழக்கும்' என்றே பேச்சு வழக்கில் உண்டு. இரு பக்கமும் காயம் இருந்தால், யார் முதலில் கை வைத்தார் என்பது விசாரணையில்தான் தெரியவரும் என்று நீதிமன்றம் பிணையில் இளகுவதுண்டு. அதனால்தான் இல்லாத காயத்துக்குத் துணி சுற்றிக்கொண்டு வைத்தியசாலையில் படுக்கச் சொல்லும் ஆலோசகர்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள். எங்கள் மூத்தவனின் தோளில் ஒரு சிராய்ப்பு இருந்தது. அதை வைத்து ஐந்து பேர் மீது முறைப்பாடு கொடுக்கும்படி ஒருவர் யோசனை சொல்ல, அதில் மாமாவின் பள்ளிக்கூடம் போகும் மகனின் பெயரும் சேர்க்கப்பட இருந்தது. தங்கையின் கணவர் அதைக் கிழித்துப் போட்டார். அந்த வீட்டில் அந்த மாதத்தில் நடந்த ஒரே நல்ல காரியம் அதுதான் என்பேன்.

இனி டிக்கெட் விடயம். அன்றிரவு நான் 'ஏற்றி விடாதே' என்றேன். காரணம் இது: தேடப்படுபவர் ஓடிவிட்டால், நீதிமன்றம் அவரைத் தலைமறைவானவர் என்று பிரகடனம் செய்யலாம். அப்படிப் பிரகடனமானவருக்குச் சாதாரணமாக முன்ஜாமீன் கிடையாது என்று 2012இல் லவேஷ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. விமான நிலையத்தில் தடுத்து வைக்கும் அறிவித்தலும் வரலாம். குற்றமற்றவன் ஓடினாலும் ஓட்டம் அவனுக்கு எதிரான சாட்சியாகப் பார்க்கப்படும். இவை எல்லாம் சரியான காரணங்கள்தான். ஆனால் அவன் கொடுத்த விலையையும் சொல்ல வேண்டும். முன்ஜாமீனோடு நிபந்தனைகள் வந்தன: 15 நாளுக்குள் நடுவர் நீதிமன்றத்தில் ஆஜராகி 10,000 ரூபாய்க்கு இரண்டு ஆள் பிணை, தினமும் காலை 10.30க்குப் பொலிஸ் நிலையத்தில் கையொப்பம், சாட்சிகளைக் கலைக்கக் கூடாது, அனுமதியின்றி நாட்டைவிட்டு வெளியேறக் கூடாது. கையொப்ப நிபந்தனையைத் தளர்த்த ஒரு மனு, வெளிநாடு போக அனுமதி கேட்டு இன்னொரு மனு. அனுமதி வந்தபோது ஆறு மாதம் கடந்து துபாய் விசா செல்லாமல் போயிருந்தது. எட்டு வருட வேலை. அவன் இன்னும் என்னோடு சரியாகப் பேசுவதில்லை.

மறுபக்கமும் எனக்குச் சொந்தம்தான். மாமாவின் மனைவி ஒருநாள் என்னை அழைத்தார். "நீங்க சட்டம் படிச்சவங்க. என் மாப்பிள்ளையால இன்னும் சோத்துத் தட்டத் தூக்க முடியல. அடிச்சவங்களுக்கு ஒரு காகிதத்தக் குடுத்து வீட்டுல இருக்கச் சொல்றாங்களே, இது என்ன சட்டம்?" என்றார். தண்டனை விசாரணைக்குப் பிறகுதான், அதற்கு முன் சிறையில் வைப்பது தண்டனையாகிவிடக் கூடாது என்று சொன்னேன். அவருக்குத் திருப்தியில்லை. காயப்பட்டவர் தரப்பு செய்யக்கூடியவை உண்டு என்றும் சொன்னேன். பிணை மனுவில் தம் வழக்கறிஞர் மூலம் தலையிட்டு ஆட்சேபிக்கலாம், நிபந்தனையை மீறினாலோ மிரட்டினாலோ முன்ஜாமீனை இரத்துச் செய்யக் கேட்கலாம். அதைவிட முக்கியம், காயச் சான்றிதழும் எக்ஸ்ரேயும் வழக்குக் கோப்பில் ஒழுங்காகச் சேர்ந்திருக்கின்றனவா என்று பின்தொடர்வது. பிணையில் காட்டும் ஆத்திரத்தில் பாதியை இதில் காட்டினால் போதும்.

பிறகு ஜமாஅத் பெரியவர்கள் கூடினார்கள். மூன்று அமர்வு. வைத்தியச் செலவு, வேலியின் எல்லை, மன்னிப்பு என்று எல்லாம் பேசி எழுதிக் கையொப்பமும் வைத்தார்கள். எல்லோரும் வழக்கு முடிந்தது என்று நினைத்தார்கள். நமக்கும் அதே எண்ணம்தான் வரும். 1988ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழான மத்தியஸ்த சபைகளில் சிறு அடிதடிகள் இணக்கத்தோடு முடிவதை நாம் பார்த்துப் பழகியவர்கள். இந்தியாவிலும் 115(2) என்றால் காயப்பட்டவரே சமரசம் செய்து முடிக்கலாம், 117(2) என்றால் நீதிமன்ற அனுமதியோடு முடிக்கலாம். ஆனால் 118(2)உம் 109உம் சமரசத்துக்குரிய குற்றப் பட்டியலில் இல்லை. இரு தரப்பும் கட்டித் தழுவினாலும் அரசு வழக்கைத் தொடரும். எஞ்சிய வழி, உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தில் வழக்கை இரத்துச் செய்யக் கேட்பது. ஞான் சிங் என்ற 2012 தீர்ப்பும், நரிந்தர் சிங் என்ற 2014 தீர்ப்பும் அதற்கு வழி திறந்தன. தனிப்பட்ட தகராறா, காயம் எவ்வளவு பாரதூரமானது, உடம்பின் எந்த இடத்தில், என்ன ஆயுதம் என்று பார்த்தே அது தீர்மானமாகும். ஜமாஅத்தின் தாள் அங்கே ஓர் ஆவணம்தான், கட்டளை அல்ல.

நமது நாட்டோடு ஒப்பிட்டுப் பார்க்காமல் இருக்க முடியவில்லை. 1997ஆம் ஆண்டு 30ஆம் இலக்கப் பிணைச் சட்டத்தின் 21ஆவது பிரிவில் நமக்கும் முன்பிணை உண்டு. அங்கே அமர்வு நீதிமன்றத்துக்கோ உயர் நீதிமன்றத்துக்கோ போக வேண்டும். இங்கே சம்பவம் நடந்த பகுதியின் பொலிஸ் பொறுப்பதிகாரிக்கு அறிவித்தல் கொடுத்து, நீதவானிடமே கேட்கலாம். ஏழைக்கு நமது வழி கிட்டியது. இருந்தும், அடிதடி வழக்கில் இங்கே முன்பிணை கேட்டு வருபவர்கள் என் அனுபவத்தில் சொற்பம். ஒன்று பொலிஸில் போய் நிற்கிறார்கள், அல்லது உறவினர் வீட்டில் ஒளிகிறார்கள். இன்னொரு ஒற்றுமையும் உண்டு. பயங்கரவாதத் தடைச் சட்டம் என்று எழுதிவிட்டால் நமது பிணைச் சட்டம் கைவிரித்துவிடும். இந்தியாவிலும் சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்புச் சட்டத்தின் கீழ் முன்ஜாமீன் கிடையாது. தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர் மீதான வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழும் கிடையாது. அடிபட்டவர் அந்தச் சமூகத்தவராக இருந்து, அந்தச் சட்டத்தின் பிரிவும் சேர்க்கப்பட்டால், மேலோட்டப் பார்வையிலேயே அந்தக் குற்றம் வெளிப்படவில்லை என்று காட்டினாலன்றி முன்ஜாமீன் இல்லை. வேலியில் தொடங்கும் சண்டையில் வாயிலிருந்து விழும் ஒரு சாதிச் சொல் எங்கே கொண்டுபோய் விடும் என்பதை அங்கே போய் வாழும் நம்மவர்கள் தெரிந்திருக்க வேண்டும்.

எங்கள் வழக்கில் குற்றப்பத்திரிகை தாக்கலாகிவிட்டது. பெரியப்பாவின் பெயரைப் பொலிஸே நீக்கிவிட்டது. வழக்கை இரத்துச் செய்யும் மனு உயர் நீதிமன்றத்தில் போடப்பட்டிருக்கிறது, ஆனால் அதற்குக் காயப்பட்டவரின் சம்மதப் பத்திரம் வேண்டும். மூத்தவனுக்குக் கையொப்பமிட மாமா சம்மதித்துவிட்டார். கோபத்தில் அடித்தான், வந்து மன்னிப்பும் கேட்டான், போகட்டும் என்றாராம். இளையவனுக்கு மட்டும் இன்னும் போடவில்லை. என் கையை அவன் எதற்காகப் பிடித்தான் என்று அவன் வாயால் சொல்லட்டும், பிறகு பார்க்கலாம் என்கிறார். போன வாரம் பேசியபோது இளையவன் ஊரிலே ஒரு ஹார்ட்வெயார் கடையில் வேலைக்குச் சேர்ந்திருப்பதாகத் தங்கை சொன்னார்.